ஒருநாள் தோல்வியும் ஓராண்டு உழைப்பும்

கல்லூரியின் விழா மலரிலே கல்விப் பெருமை பேசுவோர் பலர். வென்ற கிண்ணங்களை எண்ணிக் காட்டுவோரும் உளர். கிண்ணம் கண்ணாடிப் பெட்டியிலிருந்து தன் கதையைத் தானே சொல்லிக்கொள்ளும். தோற்றவர்க்கு அத்தகைய பெட்டி இல்லை. ஆதலின், வெற்றி தோல்வியை நிருணயிக்கும் முறை நீதியானதுதானா என்னும் வினாவை ஈண்டு எழுப்ப விரும்புகின்றோம்.

எமது மாணவப் பருவத்தில் நிகழ்ந்த ஒன்றை இன்னும் மறந்தோமல்லோம். மாதக்கணக்காக விடியற்காலையிலும் மாலையிலும் பயின்ற எம் கூடைப்பந்தாட்ட அணி, வெளியூர்ச் சுற்றுப்போட்டி ஒன்றுக்கு பஸ்ஸேறிச் சென்றது. முதலாட்டம் 40 நிமிடம்; ஒரேயொரு கூடை வித்தியாசத்தில் தோற்றோம். முற்பகல் பத்தரை மணிக்கு அவ்வாண்டுக்குரிய ஆட்டமே முடிந்துவிட்டது. கட்டி வந்த மதியச் சோற்றை நிழலிலிருந்து உண்டுவிட்டு வீடு திரும்பினோம். நடுவர் மீதும் பிழையில்லை, எதிரணி மீதும் பிழையில்லை. ஒருமுறை தோற்றவர் உடனே விலகல் வேண்டும் என்னும் விதியே எம்மை வீட்டுக்கு அனுப்பியது.

கூடைப்பந்தாட்டம் பிறந்த நாட்டிலே இவ்வினாவுக்கு எவ்விடை கண்டனர் என நோக்குதல் தகும். 1847 இல் யாழ்ப்பாணம் வந்து, மானிப்பாயிலே தமிழில் மேனாட்டு மருத்துவம் கற்பித்த வைத்தியர் கிறீன் பிறந்த மாநிலம் மசச்சூசெற்ஸ். அதே மாநிலத்தின் ஸ்பிறிங்பீல்ட் நகரில், 1891 டிசெம்பரிலே, ஜேம்ஸ் நெய்சிமித் என்னும் ஆசிரியர் பழக்கூடைகளை மேன்மாடக் கைப்பிடியில் அறைந்து இவ்விளையாட்டைத் தோற்றுவித்தார். எனவே இது எம்மூருக்கு முற்றும் அந்நியமான வீட்டுச் செய்தியன்று.

அந்நாட்டுத் தொழில்முறை ஆட்டத்தை நடத்துவது தேசியக் கூடைப்பந்தாட்டச் சங்கம். அதன் 30 அணிகளும் கிழக்கு, மேற்கு என 15 அணிகள் கொண்ட இரு பிரிவுகளாக வகுக்கப்பட்டுள்ளன. ஒவ்வோர் அணியும் பருவமொன்றில் 82 ஆட்டங்கள் ஆடும். அதன்பின் ஒவ்வொரு பிரிவிலும் முதல் ஆறு இடங்களைப் பெற்ற அணிகள் நேரே இறுதிக்கட்டத்துக்குச் செல்லும். ஏழாம் அணியும் எட்டாம் அணியும் மோத, வென்றது ஏழாமிடத்தைப் பெறும். ஒன்பதாவதும் பத்தாவதும் மோத, தோற்றது விலகும். வென்றதோ முன்னைய ஆட்டத்தில் தோற்ற அணியோடு எட்டாமிடத்துக்காக மோதும். இந்நுழைவாட்ட முறை 2021 முதல் இவ்வடிவில் நடைபெறுகின்றது. இவ்வாறு தேர்ந்த 16 அணிகளும் நான்கு சுற்றுக்கள் ஆடும். ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு அணிகள் ஏழு ஆட்டங்கள் வரை எதிரெதிர் ஆடி, முதலில் நான்கை வென்றது அடுத்த சுற்றுக்குச் செல்லும்.

இவ்வேழு ஆட்டங்களையும் எங்கே, எந்த ஒழுங்கில் ஆடுவது என்பதிலும் ஒரு நீதி உண்டு. பருவத்தில் மேலான பேறு பெற்ற அணியின் ஊரில் முதலிரண்டு ஆட்டங்கள். மற்றையதன் ஊரில் அடுத்த இரண்டு. பின்னர் ஒன்று, ஒன்று, ஒன்றென மாறி மாறி. ஏழாவது வரை சென்றால் அது மேலான அணியின் ஊரிலேயே நிகழும். நீண்ட பருவத்தின் உழைப்புக்கு அளிக்கப்படும் கூலி அது. பயணத்தைக் குறைத்தற்பொருட்டு 1985 முதல் 2013 வரை இறுதிச் சுற்றை மட்டும் இரண்டு, மூன்று, இரண்டு என்னும் ஒழுங்கில் நடத்தினர். 2014 இல் அதனைக் கைவிட்டுப் பழைய ஒழுங்குக்கே மீண்டனர். பயண வசதியிலும் ஆட்ட நீதி பெரிதெனக் கண்டனர் போலும்!

இதன் பயனை எம்மவர் பல்லாயிரவர் வாழும் ரொறொன்ரோ நகரம் நன்கறியும். 2019 இல் கிழக்குப் பிரிவின் இறுதிச் சுற்றிலே, அந்நகர அணி மில்வோக்கி சென்று முதலிரண்டு ஆட்டங்களிலும் தோற்றது. விலகல் முறையாயின் முதல் இரவிலேயே கதை முடிந்திருக்கும். ஊர் திரும்பி இரண்டை வென்றது, மில்வோக்கியில் ஐந்தாவதையும் தன்னூரில் ஆறாவதையும் வென்றது, அவ்வாண்டின் சம்பியனுமாயிற்று. 2023 இல் மயாமி அணி நுழைவாட்டத்திலேயே தோற்று, எஞ்சிய ஒரு வாய்ப்பினால் எட்டாமிடம் பெற்று, முதலிடத்து மில்வோக்கியை வீழ்த்தி இறுதிச் சுற்றுவரை சென்றது.

கணிதமும் இதற்குச் சான்று பகரும். எதிரணியோடு பத்து ஆட்டங்கள் ஆடின் ஆறில் வெல்லத்தக்க அணி ஒன்றைக் கருதுவோம். ஒரே ஆட்டத்தில் அது வெல்லும் வாய்ப்பு நூற்றுக்கு 60. மூன்று ஆட்டத் தொடரில் 65, ஐந்தில் 68, ஏழில் 71. ஏழு ஆட்டங்களும் நல்லூழ் தீயூழை முற்றாக நீக்கமாட்டா. எனினும், ஒரு வழுக்கலோ ஒரு காய்ச்சலோ ஓராண்டின் தீர்ப்பை எழுதிவிடாமல் ஓரளவு தடுக்கும்.

"அவர்கள் கோடிகள் புரளும் வணிகம் நடத்துபவர்; ஆட்டம் பெருகப் பெருக நுழைவுச் சீட்டும் தொலைக்காட்சிப் பணமும் பெருகும்; பள்ளிப் பிள்ளைகளுக்கு அது ஒவ்வுமோ?" எனச் சிலர் வினவுவர். வினா நியாயமானதே. ஏழு ஆட்டத் தொடரை எம் பாடசாலைகள் தாங்கா. பரீட்சையும் வெயிலும் பஸ் கட்டணமும் இடங்கொடா. ஆயினும் சிறுசெலவில் அதே நீதியைச் செய்யும் வழி ஒன்று எம் கண்முன்னே உளது.

அவுஸ்திரேலிய உதைபந்தாட்டத்தார் 1931 இல் கைக்கொண்ட அம்முறையை இலங்கையின் லங்கா பிறீமியர் லீக் துடுப்பாட்டத்திலும் கண்டோம். இறுதி நான்கு அணிகளுள் முதலாமதும் இரண்டாமதும் மோதும். வென்றது நேரே இறுதியாட்டம் செல்லும். மூன்றாமதும் நான்காமதும் மோதும், தோற்றது விலகும். முன்னதில் தோற்றதும் பின்னதில் வென்றதும் மோதி இறுதியாட்டத்தின் மற்றை இடத்தைத் தீர்மானிக்கும். 2021 இல் ஜஃப்னா கிங்ஸ் அணி முதலாட்டத்திலே காலி அணியிடம் தோற்று, இரண்டாம் வாய்ப்பினால் இறுதியாட்டம் புகுந்து, அதே காலி அணியை 23 ஓட்டங்களால் வென்று கிண்ணம் கொண்டது. 2024 இலும் அவ்வாறே காலியிடம் தோற்று, பின் அதனையே இறுதியில் வென்றது. வழமையான அரையிறுதி முறைக்கு மூன்று ஆட்டங்கள், இதற்கு நான்கு. ஒரேயோர் ஆட்டமே அதிகம்!

ஆதலின் எமது கருத்து இது. எட்டுப் பாடசாலைகள் கூடும் ஒரு சுற்றுப்போட்டியை விலகல் முறையில் நடத்தின் ஏழு ஆட்டங்கள். நான்கு அணிகள் ஒரே ஆட்டத்தோடு வீடு செல்லும். நான்கு நான்காக இரு குழுக்கள் வகுத்து லீக் முறையில் ஆடுவித்து, இறுதி நான்குக்கு மேற்கூறிய ஒழுங்கை அமைத்தால் 16 ஆட்டங்கள் ஆகும். எவ்வணிக்கும் மூன்று ஆட்டங்கள் உறுதி. இரு திடல்கள் இருப்பின் மூன்று நாள்களில் முடிக்கலாம். எந்த அணியையும் ஒரே நாளில் இரண்டு ஆட்டங்களுக்கு மேல் ஆடவைத்தல் வேண்டா. தொடர்ந்து மூன்று நாள்கள் கிடையாவிடின் வார இறுதிகளில் பிரித்து வைக்கலாம்.

தோல்வியைத் தாங்கப் பழகுதலும் ஒரு கல்வியன்றோ எனின், ஆம், உயர்ந்த கல்வியே. ஆனால் கணக்கிலே பிழைவிட்ட மாணாக்கனை வகுப்பைவிட்டு வெளியே அனுப்பும் ஆசிரியர் யாவர்? பிழையைக் காட்டி, மீண்டும் செய்க என்பதன்றோ ஆசிரியப் பணி! தோற்ற ஆட்டத்தின் பாடத்தை மறுநாளே களத்தில் பரீட்சித்துப் பார்க்கும் வாய்ப்பும் அத்தகையதே.

பழைய மாணவர்க்கு ஒரு வார்த்தை. கிண்ணம் அன்பளிப்புச் செய்வோர் எப்போதும் கிடைப்பர். வெளியூர் அணிக்கு இரண்டாம் நாள் உணவும், தங்க இடமும், மாலையாட்டத்துக்கு மின்விளக்கும், நடுவர்க்கு வேதனமும் கொடுப்பார் அரியர். மேலதிகமான அவ்வொன்பது ஆட்டங்களின் செலவை நாம் ஏற்போமாயின், முற்பகல் பத்தரை மணிக்குப் பையைக் கட்டிக்கொண்டு பஸ்ஸுக்குக் காத்திருக்கும் பிள்ளைகள் குறைவர். அவர்கள் மறுநாளும் களமிறங்கட்டும். வென்றால் வெல்லட்டும், தோற்றாலும் ஆடித் தோற்கட்டும்.