அத்திரிபாச்சாவும் மோமோவும்

சாயங்கால வேளையில் விழுப்புரம் கடைத்தெருப் பக்கமோ, திண்டிவனத்தில் பேருந்து நிற்கும் இடத்துப் பக்கமோ போனால் மோமோ வண்டி ஒன்றாவது கண்ணில் படாமல் இருக்காது. அலுமினிய அடுக்குப் பாத்திரத்தில் ஆவி பறக்கும். காலேஜ் பிள்ளைகள் சுற்றி நிற்பார்கள். தட்டில் ஆறோ எட்டோ வைத்து, சிவப்புச் சட்னியும் கொஞ்சம் மயோனைஸும் ஊற்றிக் கொடுப்பார்கள்.

காலையில் என்னோடு நடக்க வரும் நண்பர்களுக்கு இதைக் கண்டாலே ஆகாது. "இது வந்த பிறகுதான் சார் நம்ம கொழுக்கட்டை போச்சு" என்கிறார்கள். எனக்கு இதில் உடன்பாடு இல்லை. மோமோ நம் ஊருக்கு வந்து எத்தனை வருஷம் ஆகிறது? அதற்கு முன்பே கொழுக்கட்டையை வருஷத்துக்கு ஒருநாள் பண்டமாக ஆக்கி வைத்தது நாம்தான். விநாயகர் சதுர்த்தி அன்று பிள்ளையாருக்குக் காட்டிவிட்டு, நாமும் நாலு தின்றுவிட்டு, இட்லிப் பானையைக் கழுவிக் கவிழ்த்துவிட்டால் அடுத்த ஆவணி வரைக்கும் அந்தப் பேச்சே இல்லை. காலியாகக் கிடந்த இடத்தில் ஒருவர் வண்டியை நிறுத்திக்கொண்டார். அவர் மேல் என்ன தப்பு?

முதலில் மோமோ யார் என்று பார்ப்போம். பெயர் திபெத்திலிருந்து வந்தது. நேபாளம், சிக்கிம், டார்ஜிலிங் பக்கமெல்லாம் அது வீட்டுச் சாப்பாடு. மாவில் உள்ளீடு வைத்து மடித்து ஆவியில் வேகவைப்பது ஆசியா முழுக்க உள்ள பழக்கம். சீனர்கள் புத்தாண்டுக்குக் குடும்பமாக உட்கார்ந்து சியாவ்சி பிடிப்பார்கள். அந்தக் காலத்து வெள்ளிக் கட்டி போன்ற வடிவம், செல்வம் சேரும் என்று நம்பிக்கை. ஜப்பானில் அதுவே கியோசா. சீனத்து மந்தோவ், கொரியாவின் மாண்டு, உஸ்பெகிஸ்தான், துருக்கியின் மந்தி எல்லாம் ஒரே குடும்பத்துப் பெயர்கள் என்று அறிஞர்கள் சொல்கிறார்கள். வேடிக்கை என்னவென்றால், கொரியாவின் மாண்டுக்குள் உள்ளீடு உண்டு. இன்றைய சீனத்து மந்தோவில் பெரும்பாலும் ஒன்றும் இருக்காது, வெறும் ஆவி பன்தான்.

உள்ளீடு வைத்த சீனப் பன்னுக்கு 'பாவ்' என்று பெயர். பொதிவது, சுற்றுவது என்ற பொருள் அதற்கு உண்டு. சிங்கப்பூர், மலேசியா போய் வந்த நம்மவர்கள் வாயிலும் பாவ்தான். பம்பாய்க்காரர்கள் வடையை வைத்துத் தின்னும் பாவ் வேறு. அது போர்த்துக்கீசியரின் ரொட்டிப் பெயர். யாழ்ப்பாணத்தில் ரொட்டியைப் 'பாண்' என்கிறார்களே, அதுவும் அங்கிருந்து வந்ததுதான். ஒலி ஒன்றாக இருக்கிறது என்பதற்காக உறவு கொண்டாட முடியாது.

இனி நம் வீட்டுக் கணக்குக்கு வருவோம். நான் விழுப்புரம், என் மனைவி திண்டிவனம். இடையில் 40 கிலோமீட்டர் இருக்கலாம். அதற்குள்ளேயே கல்யாணமான புதிதில் எங்களுக்குப் பெயர்த் தகராறு. எங்கள் வீட்டில் காரக் கொழுக்கட்டை என்றால் அவர்கள் வீட்டில் உப்புக் கொழுக்கட்டை. 40 கிலோமீட்டருக்கே இப்படி என்றால் தமிழ்நாடு முழுக்க எத்தனை இருக்கும்?

தேங்காய்ப் பூரணம், கடலைப்பருப்புப் பூரணம், எள்ளுப் பூரணம், உளுந்துப் பூரணம் என்று உள்ளே வைப்பதை வைத்துச் சில பெயர்கள். விரல் தடம் பதியப் பிடித்தால் பிடி கொழுக்கட்டை. மிஞ்சிய மாவைச் சின்னச் சின்னதாக உருட்டித் தாளித்தால் அம்மிணிக் கொழுக்கட்டை. சிலர் மணிக் கொழுக்கட்டை என்பார்கள். பாலில் போட்டால் பால் கொழுக்கட்டை, நீரிலேயே வேகவிட்டால் நீர்க் கொழுக்கட்டை. திருநெல்வேலி, கன்னியாகுமரிப் பக்கம் கார்த்திகைக்குப் பனை ஓலைக்குள் மாவை வைத்து அவிப்பார்கள். அது ஓலைக் கொழுக்கட்டை, ஓலை மணத்துக்காகவே தின்னலாம். அதே தென்பக்கத்தில் ஔவையார் நோன்பு என்று உண்டு. பெண்கள் மட்டும் செவ்வாய்க்கிழமை இரவில் கூடி உப்பில்லாத கொழுக்கட்டை செய்வார்கள். ஆண்பிள்ளைக்குத் தின்னக் கொடுப்பது இருக்கட்டும், கண்ணில்கூடக் காட்ட மாட்டார்கள்.

யாழ்ப்பாணத்தில் ஆடிப் பிறப்புக்குக் கூழும் கொழுக்கட்டையும். அதைப் பற்றி நவாலியூர் சோமசுந்தரப் புலவர் எழுதிய பாட்டை அங்கே குழந்தைகள் எல்லோரும் அறிவார்கள். உருண்டையாகப் பிடித்தால் மோதகம், பிறைபோல மடித்தால் கொழுக்கட்டை என்று அவர்கள் பிரித்துச் சொல்வார்கள். குழந்தைக்குப் பல் முளைத்தால் பல்லுக் கொழுக்கட்டை செய்து தலையில் கொட்டுகிற வழக்கமும் உண்டு. கேரளக் கிறிஸ்தவர்களுக்கோ குருத்தோலை ஞாயிற்றுக்கு முதல்நாள் கொழுக்கட்டைச் சனி. கன்னடத்தில் கடுபு, தெலுங்கில் குடுமு, மராட்டியில் மோதக். எண்ணெயில் பொரித்தால் அது வேறு கிளை. நமக்குச் சோமாசி, நம் பக்கத்திலேயே தெலுங்கு பேசும் வீடுகளில் கஜ்ஜிக்காய், வடக்கே குஜியா. மாவில் தோய்த்துப் பொரித்தால் சுழியம். சுசியம், சுய்யம் என்றும் சொல்வார்கள்.

இத்தனை பெயர் இருந்து என்ன பயன்? போன சதுர்த்திக்கு வந்த என் பேரன் தட்டைப் பார்த்துவிட்டு, "தாத்தா, ஸ்வீட் மோமோ!" என்றான். எல்லோரும் சிரித்தோம். எனக்குச் சிரிப்போடு அந்தப் பழைய கதையும் ஞாபகம் வந்தது.

உங்களுக்கும் தெரிந்த கதைதான். மாமியார் வீட்டில் கொழுக்கட்டை தின்ற மாப்பிள்ளை, பெயர் மறக்காமல் இருக்க "கொழுக்கட்டை, கொழுக்கட்டை" என்று சொல்லிக்கொண்டே ஊருக்கு நடந்தான். வழியில் ஒரு வாய்க்கால். "அத்திரிபாச்சா" என்று தாண்டினான். அதோடு கொழுக்கட்டை போய் அத்திரிபாச்சா நாக்கில் ஒட்டிக்கொண்டது. வீட்டுக்கு வந்து பெண்டாட்டியிடம் அத்திரிபாச்சா செய்து கொடு என்றான். அவளுக்குப் புரியவில்லை. ஓங்கி அடித்தான். நெற்றி வீங்கியது. "ஐயோ, கொழுக்கட்டை மாதிரி வீங்கிவிட்டதே" என்று அவள் அழுதபோதுதான் அவனுக்குப் பெயர் ஞாபகம் வந்தது.

சின்ன வயதில் இதற்கு விழுந்து விழுந்து சிரித்திருக்கிறோம். இப்போது யோசித்தால், பெயரை மறந்தது அவன், அடி வாங்கியது அவள். கொழுக்கட்டை விஷயத்தில் இன்றும் கிட்டத்தட்ட அதே நியாயம்தான் நடக்கிறது. "இந்தக் காலத்துப் பெண்கள் எங்கே செய்கிறார்கள்?" என்று நம் வயது ஆண்கள் பெருமூச்சு விடுகிறோம். செய்வது எவ்வளவு வேலை என்று தெரியுமா?

மோமோவுக்குக் கோதுமை மைதா. அதில் இழுவை உண்டு. பச்சைத் தண்ணீரில் பிசைந்து மெல்லியதாகத் தேய்த்து மடித்துவிடலாம். அரிசி மாவில் அந்த இழுவை கிடையாது. அரிசியை ஊறவைத்து, நிழலில் உலர்த்தி, இடித்துச் சலித்து, கொதிக்கிற தண்ணீரில் கொட்டிக் கட்டி தட்டாமல் கிளற வேண்டும். அப்போதுதான் மாவு வெந்து பசை கொடுக்கும். சூடு ஆறுவதற்குள் எண்ணெய் தொட்டுச் சொப்பு பிடிக்க வேண்டும். ஆறினால் விரியும். பூரணம் இளகினால் வெளியே வழியும். நாற்பது கொழுக்கட்டைக்கு ஒருத்தி மட்டும் அடுப்படியில் நின்றால் இடுப்பு என்னவாகும்? சீன வீட்டில் அத்தனை பேரும் உட்கார்ந்து பிடிக்கிறார்கள் என்று மேலே சொன்னேனே, அதை யோசித்துப் பாருங்கள்.

கொழுக்கட்டை வீட்டுப் பண்டம், சாமிப் பண்டம், தெருவில் விற்பதா என்று கேட்பவர்களுக்கு ஒரு பழைய சாட்சி இருக்கிறது. பத்துப்பாட்டில் ஒன்றான மதுரைக்காஞ்சியில் மாங்குடி மருதனார் மதுரையின் இரவைச் சொல்லிக்கொண்டு வருகிறார். அடையும், உள்ளீடு வைத்துப் பிடித்த மோதகமும் விற்கிற கூவியர், வியாபாரம் முடிந்து இருந்த இடத்திலேயே தூங்கி வழிவதைக் காட்டுகிறார். அப்படியானால் சங்க காலத்திலேயே அது ராத்திரிக் கடைப் பண்டம். மோமோ வண்டிக்காரர் நம் கூவியர் செய்த வேலையைத்தான் செய்கிறார்.

நமக்குச் சரக்குக்கும் பஞ்சமில்லை. திண்டிவனத்து எண்ணெய் வித்து ஆராய்ச்சி நிலையம் வெளியிட்ட நிலக்கடலை, எள் ரகங்கள் டி.எம்.வி. என்ற பெயரில் நாடெங்கும் போயிருக்கின்றன. அந்த டி.எம்.வி. திண்டிவனம்தான். ஊர்ப் பெயரில் எள்ளை வைத்துக்கொண்டு எள்ளுப் பூரணத்தை மறப்பது அழகா? கரும்புக்கும் வெல்லத்துக்கும் விழுப்புரம் மாவட்டத்தில் குறைவில்லை.

கொழுக்கட்டை மருந்து என்று நான் சொல்ல வரவில்லை. அரிசியும் வெல்லமும் என்னைப் போன்றவர்களுக்குச் சர்க்கரையை ஏற்றத்தான் செய்யும். இரண்டோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். அதேபோல மோமோவையும் விஷம் என்று சொல்லமாட்டேன். ஆவியில் வெந்த பண்டம். பச்சை முட்டை மயோனைஸுக்கு 2025 ஏப்ரலில் தமிழக அரசு ஓராண்டுத் தடை போட்டதே, அந்த விஷயத்தில் மட்டும் பிள்ளைகளுக்கு எடுத்துச் சொல்லுங்கள். மற்றபடி அவர்கள் தின்னட்டும்.

என் யோசனை இரண்டுதான். ஒன்று, சாயங்கால வண்டியில் கொழுக்கட்டை வரவேண்டும். நம் ஊர் மகளிர் சுயஉதவிக் குழுக்கள் இட்லி மாவு, ஊறுகாய் விற்கிறார்கள். ஓர் இட்லிப் பானையும் ஒரு பலகையும் போதும். அந்தப் பலகையில் 'ஸ்வீட் மோமோ' என்று எழுதாமல், எள்ளுப் பூரணம், உளுந்துப் பூரணம், பிடி, அம்மிணி என்று பெயரைப் பெரிதாக எழுதுங்கள். பிள்ளைகள் தானாகப் படித்துக்கொள்ளும். பேசத் தெரிந்த பெயரைத்தான் நாளைக்குக் கேட்டு வாங்குவார்கள்.

இரண்டாவது, நம் வயது ஆண்களுக்கு. ஓய்வு பெற்ற நமக்கு நேரம் கிடக்கிறது. சொப்பு பிடிக்க வராவிட்டால் பிடி கொழுக்கட்டை பிடியுங்கள், அதற்குக் கையை மூடத் தெரிந்தால் போதும். தேங்காய் துருவலாம், எள் வறுக்கலாம், கடைசியில் இட்லிப் பானையையும் கழுவலாம். இதைச் செய்யாமல் மோமோக்காரரைத் திட்டுவது வாய்ப்பேச்சு.

உங்கள் வீட்டில், உங்கள் ஊரில் இவற்றுக்கு வேறு பெயர் இருந்தால் எழுதுங்கள். செஞ்சி, மரக்காணம், விக்கிரவாண்டிப் பக்கத்துக்காரர்கள் அவசியம் எழுத வேண்டும். பெயரோடு பூரணத்தின் அளவையும் சேர்த்து எழுதினால், அடுத்த சனிக்கிழமை எங்கள் வீட்டில் செய்து பார்த்துச் சொல்கிறேன்.