டாமிக்கு எலும்பு போடலாமா, ஸார்?

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ரெண்டு மணிக்குத் தமிழ்நாட்டிலேயே ஆவலாகக் காத்திருக்கும் ஜீவன் எது தெரியுமா? நீங்கள் பிரியாணி சாப்பிடும்போது எதிரே வாலாட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் டாமிதான்! 'பாவம், வாயில்லா ஜீவன்' என்று லெக் பீஸ் எலும்பைத் தூக்கிப் போடுகிறோம். வாயில்லா ஜீவனாம்! அந்த வாயில் 42 பல் இருக்கு ஸார். நமக்கு 32தான்.

பல் இருந்து என்ன புண்ணியம்? வெந்த எலும்பைக் கடித்தால் ஊசி ஊசியாகப் பிளக்கும். தொண்டையில் குத்தும், குடலில் அடைக்கும். கடையில் பாக்கெட்டில் விற்கிற பதப்படுத்திய எலும்பும் அப்படித்தான். அதைத் தின்று சுமார் 90 நாய்களுக்கு உபாதை, அதில் சுமார் 15 பரலோகம் என்று ஏழு வருஷத்தில் வந்த புகார்களைச் சொல்லி, அமெரிக்காவின் எஃப்.டி.ஏ. 2017-ல் எச்சரித்தது.

'சரி, பச்சை எலும்பு?' அதில் சால்மோனெல்லா கிருமி இருக்கலாம். டாமிக்கு ஒன்றும் ஆகாவிட்டாலும், அது ஆசையாய் நக்குகிற உங்கள் குழந்தைக்கு ஆகும். தவிர, கெட்டியான தொடை எலும்பு பல்லையே உடைத்துவிடும். நாய்ப் பல்லின் எனாமல் நம்முடையதைவிட மெல்லிசு.

வாங்குவதற்கு முன் ஒரு சின்ன டெஸ்ட். கட்டைவிரல் நகத்தால் அழுத்துங்கள். பள்ளம் விழவில்லையா, வைத்துவிட்டு வாருங்கள். முழுசாக வாய்க்குள் போகிற சைஸும் வேண்டாம்.

அப்ப ருசி? நமக்குச் சுவை மொட்டுகள் சுமார் 9,000. டாமிக்குச் சுமார் 1,700தான். அது சாப்பிடுவதே பாதி மூக்கால்! ஆகவே மசாலா வேண்டாம், வாசனை போதும். நடுவில் ஓட்டையுள்ள ரப்பர் எலும்பு வாங்குங்கள். எலும்பு நீக்கி, உப்பு போடாமல் வேகவைத்த சிக்கனைச் சாதத்தோடு பிசைந்து அடைத்து, ஃப்ரீசரில் வையுங்கள். வெங்காயம், பூண்டு மூச்! நாயின் ரத்தச் சிவப்பணுக்களை அவை உடைத்துவிடும். பீநட் பட்டர் தடவுகிறவர்கள் லேபிளைப் படியுங்கள். சைலிடால் இருந்தால் அது விஷம். உறைந்ததை டாமி நிதானமாக நக்கிக்கொண்டிருக்கும்; உங்கள் ஆபீஸ் ஷூவும் பிழைக்கும்.

ஏற்கெனவே எலும்பை விழுங்கிவிட்டு ஓங்கரிக்கிறதா? வாந்தி, ரத்தமா? மீன் முள்ளுக்குச் செய்கிற சாத உருண்டை வைத்தியமெல்லாம் வேண்டாம். நேரே கால்நடை டாக்டரிடம் ஓடுங்கள்.

பி.காம். படித்தவன் கணக்கு இது: லெக் பீஸ் எலும்பு இலவசம். எக்ஸ்ரேயும் ஆபரேஷனும் இலவசமில்லை.

அப்படியும் எலும்பை வீணாக்க மனசில்லையா? நீங்களே கடியுங்கள். உங்களுக்குப் பல் போனால் கட்டிக்கொள்ளலாம்!