வேலை கேட்பவருக்கு அறுபது நாள் கதவடைப்பா?

நூறுநாள் வேலைத் திட்டத்திலிருந்து காந்தியின் பெயரை எடுத்தது பற்றி வேண்டிய மட்டும் பேசியாயிற்று. அந்தக் கூச்சலில், அந்தத் திட்டத்துக்குப் பதிலாக வந்த விபி–ஜி ராம் ஜி சட்டத்தின் ஒரு பிரிவு அதிகம் அடிபடாமல் தப்பிவிட்டது. விதைப்பு, அறுவடைக் காலங்களில் ஆண்டுக்கு மொத்தம் அறுபது நாள் திட்டத்தின் கீழ் எந்த வேலையும் நடக்கக் கூடாது என்கிறது அது. விவசாயத்துக்கு ஆள் கிடைக்க வேண்டுமாம். வேறு எந்தக் குறையும் இல்லாவிட்டாலும், இந்த ஒரு பிரிவுக்காகவே இந்தச் சட்டத்தை எதிர்த்தாக வேண்டும்.

இதன் பொருள் என்ன என்பதைக் கள்ளக்குறிச்சி மாவட்டத்துக் கல்வராயன் மலையில் போய்ப் பார்த்தால் தெரியும். வெள்ளிமலை, கரியாலூர் பக்கத்து மலையாளி பழங்குடிக் குடும்பங்களுக்குச் சொந்தமாக இருப்பது பெரும்பாலும் வானம் பார்த்த நிலம். சாமை, கேழ்வரகு, மரவள்ளி, காட்டில் பொறுக்கும் கடுக்காய் ஆகியவற்றை வைத்து ஆண்டு முழுவதையும் ஓட்ட முடியாது. கை வறண்ட நேரம் பார்த்து மேஸ்திரி முன்பணத்தோடு வருவார். கேரளத்தில் மிளகு பறிக்க, குடகில் காபித் தோட்டத்துக்கு, திருப்பூர் மில்லுக்கு, கீழே சமவெளியில் கரும்பு வெட்ட என்று ஆள் சேர்ப்பார். முன்பணம் வாங்கிய கை அதன்பிறகு கூலி பேசாது. மேஸ்திரியிடம் 'இந்தக் கூலிக்கு வரமாட்டேன்' என்று சொல்லக் கொஞ்சமாவது தைரியம் கொடுத்தது, உள்ளூரிலேயே மரக்கன்றுக்குக் குழி வெட்டியும் கல்வரப்பு கட்டியும் கூலி வாங்கலாம் என்ற நிலைதான். 2025–26ஆம் ஆண்டுக்குத் தமிழ்நாட்டுக்கு நிர்ணயித்த நாள் கூலி 336 ரூபாய். அது முழுசாகக் கைக்கு வருவது அபூர்வம். ஆனாலும் அதற்குக் கீழே இறங்காமல் பேரம் பேச ஒரு தரை இருந்தது.

அந்தத் தரையை எந்த நாட்களில் உருவுகிறார்கள் என்று கவனியுங்கள். கூலியாளுக்குக் கிராக்கி ஏறும் நாட்கள் அவை; ஆண்டில் அவர் வாய் திறந்து கூடுதலாகக் கேட்கக்கூடிய நாட்களும் அவைதான். சரக்குக்குக் கிராக்கி வந்தால் வியாபாரி விலையை ஏற்றலாம், அதை யாரும் தடுப்பதில்லை. உழைப்புக்குக் கிராக்கி வந்தால் மட்டும் அரசே குறுக்கே விழுந்து, மாற்று வேலையைப் பூட்டி, ஆளை வரப்பில் இறக்கிவிடுமாம்! சிறு விவசாயி ஆள் கிடைக்காமல் திண்டாடுவது உண்மை. ஆனால் விளைபொருளுக்குக் கட்டுப்படியாகும் விலை இருந்தால் அவரே நல்ல கூலி கொடுத்து ஆள் அழைப்பார். அந்த விலையைக் கொடுக்க முடியாதவர்கள், அதற்கு ஈடாகக் கூலிக்காரரின் பேரத்தைப் பிடுங்கிக் கொடுக்கிறார்கள்.

வட்டாரத்துக்கு வட்டாரம் அந்த நாட்களை மாநிலமே அறிவித்துக்கொள்ளலாம், மீதி 305 நாள் இருக்கிறதே, 125 நாள் வேலை கிடைக்காதா என்று சட்டத்தை ஆதரிப்பவர்கள் வாதாடுகிறார்கள். நூறு நாள் என்று சட்டத்தில் எழுதியிருந்தபோதே நாடு முழுவதும் சராசரியாக ஐம்பது நாளைத் தாண்டுவது பெரும்பாடாக இருந்தது. இப்போது நிதிக்கு உச்சவரம்பு போட்டு, செலவில் நாற்பது சதவீதத்தை மாநிலத்தின் தலையில் கட்டிவிட்டு 125 என்கிறார்கள். இந்தக் கூடுதல் நாட்கள் காகிதத்தில் மட்டும் இருக்கும். பூட்டிய அறுபது நாள் தரையில் நடக்கும்.

காகிதத்தில் ஒன்று, தரையில் வேறொன்று என்ற இந்தக் கதை கல்வராயன் மலைக்காரர்களுக்குப் புதிதல்ல. கட்டாய உழைப்பை ஒழிக்கும் சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 29ஆம் உடன்படிக்கையை இந்தியா 1954இலேயே ஏற்றது. பழங்குடியினருக்கான 107ஆம் உடன்படிக்கையை 1958இல் ஏற்றது. ஆனால் இந்த மலை 1976 வரை, கூலியில்லா வெட்டி வேலை வாங்கிய ஜாகீர்தார்கள் பிடியில்தான் இருந்தது. ஜெனீவாவில் போட்ட கையெழுத்து கள்ளக்குறிச்சி மலையேற இருபது ஆண்டுக்கு மேல் ஆயிற்று.

சங்கிலி போட்டு இழுத்தால்தான் கட்டாய உழைப்பு என்று யாரும் சொல்ல வேண்டாம். ஆசிய விளையாட்டுக் கட்டுமானத் தொழிலாளர் வழக்கில் 1982இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: வேறு வழியில்லாத வறுமையால் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே வேலை செய்ய நேர்ந்தால் அதுவும் அரசமைப்பின் 23ஆவது பிரிவு தடுக்கும் கட்டாய உழைப்புதான். மறு ஆண்டே, ராஜஸ்தான் வறட்சி நிவாரண வேலைக்கும் அது பொருந்தும் என்றது. வேறு வழியில்லாத நிலையை ஒழிக்க வந்த திட்டத்தை வைத்தே ஆண்டுக்கு அறுபது நாள் அந்த நிலையை உண்டாக்குவதை என்னவென்று சொல்வது? இந்தியா 1998இல் ஏற்ற 122ஆம் உடன்படிக்கை, அவரவர் விரும்பித் தேர்ந்தெடுக்கும் வேலையைத்தான் அரசின் இலக்கு என்கிறது. பாதிக்கப்படுவோரின் பிரதிநிதிகளைக் கலந்து பேச வேண்டும் என்றும் சொல்கிறது. இந்த மசோதா 2025 டிசம்பர் 16 அன்று மக்களவைக்கு வந்தது. 18ஆம் தேதி நள்ளிரவு தாண்டிய சற்று நேரத்தில் இரு அவைகளிலும் கதை முடிந்தது. யாரைக் கலந்தார்கள்?

கலந்து பேசும் பழக்கத்தை மத்திய அரசு எப்போதோ விட்டுவிட்டது. இந்தியத் தொழிலாளர் மாநாடு கடைசியாகக் கூடியது 2015 ஜூலையில். அதன்பிறகு அதைக் கூட்டாமலே நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளை நிறைவேற்றி, 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கும் கொண்டுவந்துவிட்டார்கள். 2020 பொதுமுடக்கத்தில் மாநிலங்கள் வேலை நேரத்தைப் பன்னிரண்டு மணியாக்கப் பாய்ந்தபோது, சர்வதேசத் தொழிலாளர் அமைப்பே கவலை தெரிவித்து எழுத வேண்டியிருந்தது. சங்கம் சேரும் உரிமைக்கான 87, 98ஆம் உடன்படிக்கைகளும், பழங்குடியினருக்கான 169ஆம் உடன்படிக்கையும் இன்றுவரை ஏற்கப்படவில்லை. 1922 முதல் அந்த அமைப்பின் ஆட்சிமன்றக் குழுவில் நிரந்தர இடம் வைத்திருக்கும் நாடு இது!

நூறுநாள் வேலையில் இவர்கள் செய்த 'சீர்திருத்தங்களை'யும் மறக்க முடியாது. 2023 ஜனவரியிலிருந்து நாளுக்கு இரண்டு முறை செயலியில் படமெடுத்து வருகைப் பதிவு என்றார்கள். செல்போன் சிக்னல் எட்டாத மலைக் கிராமத்தில், பணித்தளப் பொறுப்பாளர் போனைத் தூக்கிக்கொண்டு மேடு தேடி அலைய வேண்டும். படம் ஏறாவிட்டால் குழி வெட்டியவருக்குக் கூலி இல்லை. மோசடியைத் தடுக்க வந்த செயலியில் படத்தையே படமெடுத்து ஏற்றுகிறார்கள் என்று 2025 ஜூலையில் மத்திய ஊரக வளர்ச்சி அமைச்சகமே சுற்றறிக்கை விட்டது. அதே டிஜிட்டல் வருகைப் பதிவை இப்போது சட்டத்திலேயே எழுதிவைத்திருக்கிறார்கள். 2024 ஜனவரி முதல் ஆதார் இணைப்பு இல்லாவிட்டால் கூலி இல்லை. பதினைந்து நாளில் கூலி தரவேண்டும் என்ற சட்டத்தை வைத்துக்கொண்டே, 2025 மார்ச்சில் தமிழ்நாட்டுக்கு மட்டும் 4,034 கோடி ரூபாய் பாக்கி என்று மாநில அரசு முறையிடும் நிலையை உண்டாக்கினார்கள். கூலியைக் கொடுக்கத் தாமதித்தவர்கள், கூலியாள் வயலுக்கு வருவதில் மட்டும் இத்தனை அவசரம் காட்டுகிறார்கள்.

மலையில் வேலையில்லாமல் போனால் ஆட்கள் எங்கே போவார்கள் என்பதையும் நாடு பார்த்திருக்கிறது. 2015 ஏப்ரலில் சேஷாசலம் காட்டில், செம்மரம் வெட்ட வந்தார்கள் என்று ஆந்திரக் காவல்துறை சுட்டதில் இருபது தமிழர்கள் செத்தார்கள். பெரும்பாலோர் ஜவ்வாது மலை, சித்தேரி மலை வட்டாரத்து ஏழைகள். இப்படிப்பட்டவர்களைக் காட்டுக்கு இழுத்துப்போவதும் பெரும்பாலும் முன்பணம்தான்.

அறுபது நாள் தடையை நீக்க வேண்டும். கிராம சபையையும் மலைமக்களையும் கேட்டு இந்தச் சட்டத்தை முதலிலிருந்து பரிசீலிக்க வேண்டும். மாநில அரசும் வெறும் கண்டனத்தோடு நின்றுவிடாமல், தன் கையில் இருக்கும் அறிவிக்கை அதிகாரத்தைக் கூலிக்காரர் பக்கம் நின்று பயன்படுத்த வேண்டும். எந்த வேலைக்குப் போவது, எந்தக் கூலிக்குப் போவது என்பதை உழைப்பவர்தான் முடிவு செய்ய வேண்டும். அந்த உரிமையை ஆண்டுக்கு ஒரு நாள் பறித்தாலும் அது வெட்டி வேலைக்குத் திரும்பும் வழிதான்.