கல்மரம் எது?

ஓசூர், கிருஷ்ணகிரிப் பக்கங்களில் பாறையைப் பலகையாக அறுத்து மெருகேற்றும் தொழிற்சாலைகள் பல உண்டு. மெருகேறிய சில பலகைகளில் மரத்தின் ரேகைகளைப் போலவே வரிகள் வளைந்து நெளிந்து ஓடும். கண்டவுடன், "ஆகா, கல்மரம்!" என்று சொல்லத் தோன்றும். ஆனால் அப்பாறைகளின் வயதோ சுமார் 250 கோடி ஆண்டு. உலகில் மரம் என்பது தோன்றியே 40 கோடி ஆண்டு ஆகவில்லை! பூமிக்குள் வெப்பமும் அழுத்தமும் தாதுக்களைப் பிரித்து அடுக்கிய கோலமே அந்த வரிகள்.

மெய்யான கல்மரங்களைக் காண விழுப்புரம் மாவட்டத்துத் திருவக்கரைக்கோ பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூருக்கோ செல்லவேண்டும். சாத்தனூரில் கிடக்கும் அடிமரம் சுமார் 18 மீட்டர் நீளம். 1940-இல் அதை ஆராய்ந்து அறிவித்தவர் பூகர்ப்ப சாஸ்திரி எம். எஸ். கிருஷ்ணன்.

அகலிகையைப் போல் இவை ஒரு சாபத்தால் நொடியில் கல்லானவை அல்ல. ஊறுகாய் ஜாடியில் மாங்காய்த் துண்டுக்குள் உப்பு எவ்வாறு ஏறுகிறதென்பதை நம் இல்லத்தரசிகள் அறிவார்கள். அவ்வாறே, மண்ணில் புதையுண்ட மரத்தின் நுண்ணறைகளில் சிலிகா கரைந்த நீர் ஊறிற்று. அறைதோறும் சிலிகா படிந்து இறுகிற்று. மரத்தின் அமைப்பு மட்டும் அழியாமல் நின்றது. விஞ்ஞானிகள் இதைப் 'பெர்மினரலைஸேஷன்' என்கிறார்கள். தமிழில் 'கல்லூறல்' என்று நாம் வழங்கினால் என்ன குறை?

பெயரில் இத்தனை கண்டிப்பு எதற்கு என்று நேயர்கள் கேட்கலாம். ரேகை ஓடும் பலகை விலைக்குக் கிடைக்கும், வேண்டுமளவு அறுக்கலாம். கல்லூறிய மரமோ, அது எவ்வினத்தது என்பதைத் தன் அறைகளிலேயே எழுதி வைத்திருக்கிறது. ஞாபகார்த்தமாக ஒரு துண்டைப் பெயர்த்து வருகிறவர், அந்த எழுத்தையல்லவா அழித்து வருகிறார்?