சாளரச் சிறை!

"வேலையற்ற வீணர் சிலர் ஒரு பெண்ணை ஏமாற்றிச் சிரித்தனர்; பாவம், அவள் அழுதாள். இதிலே அரசியல் எங்கே வந்தது?" 'காயே மயோர்' என்னும் ஸ்பானியப் படத்தைக் கண்டு, காதல் கதையென்று கண்ணீர் சிந்திவிட்டு எழுந்து செல்வோர் கேட்கும் கேள்வி இது. அந்தக் கண்ணீரிலேதான் அரசியல் இருக்கிறது என்கிறோம் நாம்!

'பெருந்தெரு' என்பது அப்பெயரின் பொருள். 1956-ல் வெளிவந்த படம். கார்லோஸ் அர்னிச்செஸ் 1916-ல் தந்த நாடகத்தைத் தழுவி அதை ஆக்கியவர் ஹுவான் அந்தோனியோ பார்தெம். பெயர் சூட்டப்படாத ஒரு சிறு நகரம். அங்கே இசபெல் என்னும் நங்கை. வயது 35. மணமாகவில்லை. ஊரார் கண்ணுக்கு அதுவே அவள் இழைத்த குற்றம்! வங்கி ஊழியனான ஹுவான், நண்பர்களின் தூண்டுதலால், அவளைக் காதலிப்பதாக நடிக்கிறான். அந்தப் பொய்யை அவன் உரைப்பது எப்போது? வீதியிலே மத ஊர்வலம் செல்லும்போது, துதிப்பாடல் காதைத் துளைக்கும்போது! பொய்க்குப் பக்கவாத்தியம் பக்திப் பாட்டு!

அவள் நம்புகிறாள். வீடு, கணவன், மக்கள் என்று கனவு காண்கிறாள். அவனோ உள்ளம் குமைகிறான். உண்மையைச் சொல்லும் துணிவு மட்டும் வரவில்லை. மாத்ரீதிலிருந்து வந்த நண்பன் பெதெரிக்கோ உண்மையைச் சொல்லி, இவ்வூரைவிட்டு இரயிலேறிப் போய்விடு என்கிறான். நிலையம்வரை சென்றவள் ஏறவில்லை. கொட்டும் மழையிலே, கேலிக் கண்களுக்கிடையே, பெருந்தெரு வழியே திரும்பி நடக்கிறாள். வீட்டுச் சாளரத்தின் பின்னே நின்றுவிடுகிறாள்.

"ஏன் ஏறவில்லை? கோழை!" என்பர் சிலர். அவர்களை நாம் கேட்கிறோம்: இரயிலேறக் கால்கள் மட்டும் போதுமா?

ஸ்பெயின் குடியரசு 1931-ல் பெண்ணுக்கு வாக்குரிமையை ஒப்புக்கொண்டது. 1932-ல் மணவிலக்கு உரிமை தந்தது. 1936 முதல் 1939 வரை உள்நாட்டுப் போர். வென்றவன் பிராங்கோ. வென்றதும் 1939-ல் மணவிலக்குச் சட்டத்தைக் குழிதோண்டிப் புதைத்தான். 1953-ல் வாத்திகனோடு உடன்படிக்கை! வாளும் சிலுவையும் கைகோத்தன. மனைவி கணவனுக்குக் கீழ்ப்படிய வேண்டும் என்றது சட்டம். 25 வயது நிரம்பாத பெண், பெற்றோர் இசைவின்றி வீட்டைவிட்டு வெளியேறலாகாது என்றது. விதிவிலக்குகளில் இரண்டு: ஒன்று மணமேடை, மற்றொன்று கன்னிமாடம்!

இசபெலுக்கு வயது 35. அந்தச் சட்டம் அவளைத் தடுக்காதே என்று வாதிடலாம். மெய். சட்டம் தடுக்கவில்லை, அச்சட்டம் வளர்த்த மனம் தடுத்தது. தனித்து வாழத் தொழிலொன்றைக் கற்பிக்கவில்லை; கணவன் வருவான், காத்திரு என்று மட்டுமே கற்பித்தார்கள். கூண்டிலே வளர்த்து, கதவைத் திறந்து, பறக்கவில்லையே என்று பறவையைப் பழிப்பது பண்பாகுமா? அவள் ஏங்கிய மணமாவது விடுதலையா? கணவன் அனுமதியின்றி ஒப்பந்தத்திலே கையெழுத்திடவும் உரிமையற்ற நிலை அது!

அந்த வீணர்களை நாம் மன்னிக்கவில்லை. ஆயினும் அவர்களை வளர்த்த ஆட்சியையும் குற்றக்கூண்டில் ஏற்றுகிறோம். கட்சி கூடாது, கூட்டம் கூடாது, கேள்வி கூடாது என்று எல்லாவற்றையும் பறித்த ஆட்சி, ஓர் உரிமையை மட்டும் ஆடவருக்கு விட்டுவைத்தது: தம்மினும் எளியவளை எள்ளி நகையாடும் உரிமை!

ஆட்சிக்கு இது புரியாமலா இருந்தது? படப்பிடிப்பு நடக்கும்போதே, 1956 பிப்ரவரியில், பார்தெம் சிறைப்பட்டார். அவர் பொதுவுடைமைக் கட்சியினர். இசபெலாக நடித்த பெட்சி பிளேரோ, இடதுசாரி என்று ஆலிவுட்டின் தடைப்பட்டியலில் சிக்கிய அமெரிக்க நடிகை. படம் முடிந்தது, தணிக்கையாளர் கத்தரி நீட்டினர். இது எந்த நாட்டிலும், எந்த ஊரிலும் நடக்கக்கூடிய கதை என்று தொடக்கத்திலே ஒரு குரலைச் சேர்க்க வைத்தனர். எங்கப்பன் குதிருக்குள் இல்லை என்ற கதையாயிற்று! அதே ஆண்டு வெனிஸ் விழாவில் விமர்சகர் பரிசு அப்படத்துக்குக் கிடைத்தது.

கணவன் அனுமதி தேவை என்ற விதி 1975-ல் ஒழிந்தது. அதே ஆண்டு நவம்பரில் பிராங்கோ மாண்டான். அவன் மனமிரங்கித் தந்ததன்று அந்த உரிமை. மரியா தெலோ போன்ற பெண் வழக்கறிஞர்கள் ஆண்டுக்கணக்கில் போராடிப் பெற்றது. மணவிலக்கு உரிமை 1981-ல் மீண்டது. இசபெல் நிலையத்திலிருந்து திரும்பி நடந்து கால் நூற்றாண்டு கழித்து!

இசபெலுக்காக அழுதவர்கள் கண்ணீரைத் துடைத்துக்கொள்ளட்டும். அவள் வேண்டி நின்றது இரக்கமன்று. 35 வயதுப் பெண்ணைத் 'தேங்கிய சரக்கு' என்று எடைபோடும் ஊர் உள்ளவரை, அவளை ஏய்க்க ஒரு ஹுவான் கிடைத்துக்கொண்டே இருப்பான். ஹுவானைத் திட்டுவது எளிது. அந்தத் தராசை உடைப்பதே நம் கடமை!