கறுத்த வாழைப்பழத்தை என்ன செய்யலாம்?

கூடலூர் பக்கத்து டீக்கடைப் பழம்பொரி தெரியும்தானே? அதற்குக் கெட்டியான நேந்திரம் வேண்டும்; கறுத்துக் குழைந்த பழம் சரிப்படாது. அதைத் தெப்பக்காட்டில் வெளியே வீசுவதும் தப்பு. சுற்றிலும் முதுமலைக் காடு. குரங்கும் காட்டுப்பன்றியும் குப்பைக்குப் பழகிவிடும்.

என் ஓட்டு சமோவா தீவுக்காரர்களின் 'பனிகேகே'வுக்குத்தான். நம் இனிப்பு போண்டா மாதிரி. 2 பழத்தை மசித்து, 1 கப் மைதா, 1 டீஸ்பூன் பேக்கிங் பவுடர், சர்க்கரை, கொஞ்சம் தண்ணீர் சேர்த்துக் கெட்டியாகக் கரைத்து, உருண்டையாக எண்ணெயில் போட்டுப் பொரிக்க வேண்டும். பழுக்கப் பழுக்க மாவுச்சத்து சர்க்கரையாகிவிடும், அதனால் 2 ஸ்பூன் சர்க்கரையே போதும். தீ மிதமாக இருக்கட்டும். இல்லாவிட்டால் வெளியே கருகி, உள்ளே வேகாது.

தோலை மட்டும் மூடியுள்ள தொட்டியில் போடுங்கள். செய்து பார்த்துவிட்டுச் சொல்லுங்களேன்!