லயத்துக்குள்ள தீட்டா அலை

உயர்தரப் பரீட்சை நெருங்கினால் போதும், நம்ம வாட்ஸ்அப் குரூப்புகளில் ஒரு ஆடியோ சுத்த ஆரம்பிச்சிரும். ஹெட்போன் போட்டுக் கேளுங்க, மூளை தீட்டா நிலைக்குப் போகும், படிச்சது மறக்காது என்று ஒரு குறிப்பும் கூடவே வரும். ராத்திரிக்கு வேற ஒன்று: எட்டு மணி நேர டெல்டா அலை, பின்னணியில் மழைச் சத்தம், கேட்டால் குழந்தை மாதிரித் தூங்கலாமாம். பயம் போக ஒன்று, தன்னம்பிக்கைக்கு ஒன்று, காதல் தோல்விக்குக்கூட ஒன்று இருக்கு. இதுக்குப் பெயர் பைனாரல் பீட்ஸ். பதுளை, பசறை, ஹாலிஎல என்று எங்க செட்டில் இதைக் கேட்காத ஆளே இல்லை. நாங்களும் கேட்டோம். கேட்ட உரிமையில்தான் திட்டுறோம்.

முதலில் உண்மையைச் சொல்லிடுவோம். இந்தச் சத்தம் கட்டுக்கதை இல்லை. 1839இல் ஹைன்ரிச் வில்ஹெல்ம் டோவ் என்ற ஜெர்மன் இயற்பியலாளர் கவனிச்ச விஷயம். இடது காதில் 400 ஹெர்ட்ஸ், வலது காதில் 410 ஹெர்ட்ஸ் கொடுத்தால், செக்கனுக்குப் பத்துத் தடவை 'வும் வும்' என்று ஒரு துடிப்பு கேட்கும். காற்றில் அப்படி ஒரு துடிப்பே கிடையாது. சத்தம் எந்தத் திசையிலிருந்து வருது என்று கண்டுபிடிக்க, மூளைத் தண்டு ரெண்டு காதின் சமிக்ஞையையும் ஒப்பிட்டுப் பார்க்கும். அந்த ஒப்பீட்டில் பிறக்கிற துடிப்பு இது. 1973இல் ஜெரால்ட் ஆஸ்டர் 'சயன்டிஃபிக் அமெரிக்கன்' இதழில் எழுதின கட்டுரைக்குப் பிறகுதான் உலகம் இதைத் திரும்பிப் பார்த்தது. அழகான விஷயம், ஒத்துக்கிறோம்.

வியாபாரம் தொடங்குறது இதுக்கு அடுத்த படியில். ஆழ்ந்த தூக்கத்தில் மூளையில் மெதுவான டெல்டா அலை ஓடுது, அதனால் காதில் டெல்டா வேகத்தில் துடிப்பைக் கொடுத்தால் தூக்கம் வந்துடும் என்கிறாங்க. காய்ச்சல் வந்தால் தெர்மாமீட்டர் ஏறும், சரி. தெர்மாமீட்டரைச் சுடுதண்ணியில் போட்டால் யாருக்காவது காய்ச்சல் வருமா?

மூளை அலை உண்மையிலேயே இந்தத் துடிப்போடு ஒத்து ஆடுதா என்று பார்த்த 14 ஆய்வுகளை 2023இல் 'ப்ளோஸ் வன்' இதழில் ஒரு குழு தொகுத்தது. ஆமாம் என்றது 5. இல்லை என்றது 8. ஒன்று ரெண்டும் கெட்டான். 2020இல் 'ஈநியூரோ' இதழில் வந்த ஆய்வு இன்னும் சுவாரஸ்யம்: ரெண்டு சத்தத்தையும் முதலிலேயே கலந்து கொடுக்கிற சாதாரணத் துடிப்புத்தான் மூளையில் அதிகம் பதிஞ்சது, ஆனால் மனநிலையை ரெண்டுமே மாத்தலை. எதிர்ப்பக்கமும் இருக்கு. அறுவைச் சிகிச்சைக்கு முன்னால் இதைக் கேட்ட நோயாளிகளுக்குப் பதற்றம் குறைஞ்சதாக 2005இல் ஒரு ஆய்வு வந்தது. மறைக்க மாட்டோம். கொஞ்சம் அமைதி கிடைக்குது என்றால் கேளுங்க, யார் வேணாம்னா? ஆனால் மூளையைத் திருத்துற மருந்து என்று சொல்லி விற்காதீங்க.

இதில் ஒரு கூத்து. நம்ம பிள்ளைகள் ஒரு ஹெட்போனை ஆளுக்கொரு காதாகப் பிரிச்சுக் கேட்கிறவங்க. அப்படிக் கேட்டால் ஒருத்தருக்கு வெறும் 400, மற்றவருக்கு வெறும் 410. துடிப்பே இல்லை! அப்படியும் "செம்மையா வேலை செய்யுது மச்சான்" என்று சொன்னவன் எங்க கூட்டத்திலேயே இருக்கான். வேலை செஞ்சது அவன் நம்பிக்கை. பக்கத்தில் கூட்டாளி இருந்த தைரியமாகவும் இருக்கலாம்.

சத்தத்துக்கு மனசை மாத்துற சக்தி இல்லை என்று நாங்க சொல்ல வரலை. தப்புச் சத்தம் கேட்டு வளர்ந்த ஆட்கள்கிட்ட யார் அதைச் சொல்ல முடியும்? விடியக்காலையில் பெரட்டுக்குக் கூப்பிட அடிச்சதும் அதே தப்புத்தான், காமன் கூத்தில் ராத்திரி முழுக்க ஆளை நிற்க வெச்சதும் அதே தப்புத்தான். ஒரே தோல், ஒரே குச்சி. ஒன்று வயித்தைக் கலக்கும், மற்றது ஆட வைக்கும். யார் அடிக்கிறாங்க, எதுக்கு அடிக்கிறாங்க, கூட யார் இருக்காங்க என்பதில்தான் எல்லாம் இருக்கு. அது ஹெர்ட்ஸ் கணக்கில் வராது.

இப்போ அந்த மழைச் சத்தத்துக்கு வருவோம். 2014 அக்டோபர் 29 காலையில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் லயங்கள் மண்ணுக்குள்ள போச்சு. 2025 நவம்பர் கடைசியில் டித்வா புயல் வந்தப்போ பதுளை மாவட்டத்தில் மறுபடியும் மலை இறங்கிச்சு. எங்களில் ஒருத்தரோட அக்கா அதுக்குப் பிறகு மழை ராத்திரிகளில் படுக்கிறதே இல்லை. செருப்பைப் போட்டுக்கிட்டு, பிள்ளையை மடியில் வெச்சுக்கிட்டு, வாசல்படியில் உட்கார்ந்திருப்பாங்க. யாரோ நல்ல மனசோட அந்த டெல்டா ஆடியோவை அனுப்பினாங்க. மழை ஆரம்பிச்சதும் அக்கா ஹெட்போனைப் பிடுங்கி எறிஞ்சுட்டாங்க.

அவங்களுக்குத் தூக்கம் வராததுக்குக் காரணம் மூளை அலை இல்லை. லயத்துக்குப் பின்னால் நிற்கிற மலை. பத்துக்குப் பன்னிரண்டு காம்பராவில் ஆறு பேர் படுத்து, பக்கத்துக் காம்பராவின் இருமலையும் சண்டையையும் கேட்டுக்கிட்டே படிக்கிற பிள்ளைக்குக் கவனம் சிதறுறது தீட்டா குறைபாடா? கொழுந்துக் கிலோ குறைஞ்சு அரைப்பேர் போட்ட நாளில் அம்மாவுக்கு வர்ற பதற்றத்தை எந்த ஹெர்ட்ஸ் தீர்க்கும்? நிலமும் வீடும் கேட்க வேண்டிய இடத்தில் ஹெட்போன் கொடுக்கிறதைத்தான் நாங்க எதிர்க்கிறோம்.

"இலவசம்தானே, கேடு ஒன்றும் இல்லையே, ஏன் கத்துறீங்க?" என்று கேட்பீங்க. 1995இல் இலங்கையில் லட்சம் பேருக்கு 47 பேர் தற்கொலையில் செத்தாங்க, உலகத்திலேயே மிக உயர்ந்த விகிதங்களில் ஒன்று. அடுத்த பத்து வருஷத்தில் அது பாதியாகக் குறைஞ்சது. ஆய்வாளர்கள் காட்டுற முக்கியக் காரணம், 1995லயும் 1998லயும் கொடிய பூச்சிமருந்துகளைத் தடை செஞ்சது. யாருடைய மூளை அலையையும் யாரும் திருத்தலை. சட்டம் போட்டாங்க, ஆயிரக்கணக்கான உயிர் தப்பிச்சுது. மனசு சம்பந்தப்பட்ட விஷயத்தில் அரசாங்கம் செய்ய வேண்டியது எவ்வளவோ இருக்கு. தோட்டத்து டிஸ்பென்சரியில் தமிழில் கதைச்சு மனக்கஷ்டம் கேட்க ஒரு ஆள் போடுறதும் அதில் ஒன்று. தூக்கம் கெட்டு வாரக்கணக்கில் கிடக்கிற ஆளுக்கு ஆடியோ அனுப்பி நம்ம கடமை முடிஞ்சதுன்னு நினைக்கிறப்போ, அவங்க வைத்தியரைப் பார்க்கிற நாள் தள்ளிப் போகுது. அதுதான் கேடு. தேசிய மனநல நிறுவகத்தின் இலக்கம் 1926. ஆடியோவுக்குப் பதிலா அதை ஃபார்வர்ட் பண்ணுங்க, கூடவே போய் உட்காருங்க.

போன வருஷம் பக்கத்து டவுனில் நடந்த ஒரு 'வெற்றி' வகுப்புக்கு எங்களில் மூணு பேர் போனோம். மண்டபம் நிறைய பிள்ளைகள். கண்ணை மூடச் சொல்லி, ஒரு பெரிய ஸ்பீக்கரில் பைனாரல் பீட்ஸ் ஓடவிட்டாங்க. கடைசியில் பென் டிரைவ் விற்பனை. இந்தத் துடிப்புக்கு ரெண்டு காதிலும் தனித்தனிச் சத்தம் வேணுமே, ஒரே ஸ்பீக்கரில் போட்டால் எப்படி சார் என்று அந்த வகுப்பு நடத்தினவருக்கு அன்னிக்கு ராத்திரியே மெசேஜ் போட்டோம். ரெண்டு நீல டிக் விழுந்திருக்கு.